எடுத்தவர் கண்ணும் எடுக்கப்பட்டவர் முகமும்: விவரணத் திரைப்படத்தில் பழஞ்சுருள்களின் பங்கு பற்றிய ஒரு நோக்கு

1

தமிழில் எழுதப்படும் திரைப்பட விமர்சனங்களுட் பெரும்பாலானவை கதை, நடிப்பு, பாடல் ஆகியவற்றைச் சுற்றியே அமைந்து வந்துள்ளன. விவரணத் திரைப்படம் நமது விமர்சகரின் கவனத்தைப் பெற்றது குறைவு. அதனுள்ளும், ஒருவர் ஒரு காலத்தில் ஒரு நோக்கத்திற்காகப் பிடித்த படச்சுருளை வேறொருவர் பிறிதொரு காலத்தில் தமது படைப்பினுள் எடுத்தாளும் முறை பற்றிய சிந்தனை மிகக் குறைவு. பழைய படம் கிடைத்தது, சேர்த்துக்கொண்டோம் என்ற அளவிலேயே அது கருதப்படுகின்றது. எழுத்திலே மேற்கோள் காட்டுபவர் அது யாருடைய கூற்று, எங்கே கூறப்பட்டது என்பதைச் சொல்லக் கடமைப்பட்டவர். படச்சுருளை மேற்கோளாக எடுத்தாள்பவருக்கும் அத்தகைய கடமை உண்டா? உண்டெனில் அது யாது? இவ்வினாக்களை மலையகத் தமிழரின் வரலாற்றை, சிறப்பாக மாத்தளைப் பாதையால் வந்தோரின் வரலாற்றை முன்வைத்து ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வாராய்ச்சிக்கு உடனடித் தேவையொன்றும் உண்டு. 2023ஆம் ஆண்டு மலையக மக்களின் வருகையின் இருநூறாவது ஆண்டு நினைவுகூரப்பட்டது. அவ்வாண்டு ஜூலை 28ஆந் திகதி தலைமன்னாரிலிருந்து புறப்பட்ட நடைபயணம் ஒகஸ்ட் 12ஆந் திகதி மாத்தளையை வந்தடைந்தது. முன்னோர் நடந்த பாதையைப் பின்வந்தோர் மீண்டும் காலால் அளந்த அந்நிகழ்ச்சியை ஒட்டிச் சிறிதும் பெரிதுமாக விவரணப் படங்களும் காணொளிகளும் வெளிவந்தன. அவற்றின் நன்னோக்கம் ஐயத்திற்கு இடமற்றது. ஆயினும் நான் பார்த்தவற்றுட் சிலவற்றில் ஒரே முறை திரும்பத் திரும்பக் கையாளப்பட்டிருந்தது. பின்னணிக் குரல், 1840களில் மன்னார்க் காட்டினூடாக நடந்து வந்தோர் பசியாலும் வாந்திபேதியாலும் வழியிலே விழுந்து மடிந்த கதையைக் கூறுகின்றது. திரையிலோ, கூடை சுமந்த பெண்கள் மலைச்சரிவில் வரிசையாக நின்று தேயிலைக் கொழுந்து கொய்கின்றனர். படம் கறுப்பு வெள்ளை, சற்றே நடுங்குகின்றது, கீறல்கள் விழுந்துள்ளன. பார்ப்போர் மனம் உருகுகின்றது. குரல் கூறுவதற்குப் படம் சான்று பகர்வதாக அவர்கள் நம்புகின்றனர்.

அச்சான்று பொய்ச்சான்று என்பதை முதலில் நிறுவவேண்டும்.

2

லூமியர் சகோதரர் பாரிஸ் நகரிலே தமது அசையும் படங்களைக் கட்டணம் பெற்றுப் பொதுமக்களுக்குக் காட்டியது 1895 டிசெம்பர் 28ஆந் திகதியாகும். இலங்கையிற் கோப்பிப் பயிர்ச்செய்கை 1820களில் வேரூன்றி, 1840களிற் பெருகி, 1869இல் தோன்றிய இலைநோயினால் நலிந்து, அடுத்த இருபதாண்டுகளுள் அழிந்துபட்டது. ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரையில் 19 ஏக்கரிலே தேயிலையை வணிகப் பயிராக நட்டது 1867இல். மாத்தளைக்குப் புகையிரதப் பாதை வந்தது 1880இல். தலைமன்னார் வரையிலான பாதை 1914இற் திறக்கப்பட்டது. இவ்வாண்டுகளை வரிசைப்படுத்தி நோக்கின் ஓர் உண்மை தெளிவாகும். அசையும் படத்தைப் பிடிக்கும் கருவி தோன்றும் முன்னரே, கோப்பிக் காலத்தின் பெரும் நடைப்பயணம் முடிந்துவிட்டது. அரிப்பிலும் மன்னார்க் கரையிலும் இறங்கி, தம்புள்ளை, நாலந்தா வழியாக மாத்தளையை அடைந்தோரின் ஒரு காலடியையேனும் எந்தக் கமராவும் கண்டதில்லை, காணவும் இயலாது.

காலப் பிழை மாத்திரமன்று, பொருட்பிழையும் இங்குண்டு. கோப்பி பருவப் பயிர். பழம் பறிக்கும் மாதங்களிற் கூட்டமாக வந்து, பருவம் முடிந்ததும் ஊர் திரும்பியோரே அன்று மிகுதி. அவர்களுட் பெரும்பாலார் ஆடவர். தேயிலையோ ஆண்டு முழுவதும் துளிர்ப்பது. அதற்கு ஆண்டு முழுவதும் கைகள் வேண்டும். ஆகவே குடும்பங்கள் குடியேற்றப்பட்டன; லயங்கள் நிலைபெற்றன; கொழுந்தெடுக்கும் வேலை பெண்களின் தோளில் ஏற்றப்பட்டது. இவ்விரு காலங்களுக்குமிடையே உற்பத்தி முறையும் குடும்ப அமைப்பும் உழைப்பின் பால்வேறுபாடும் மாறின. கோப்பிக் காலக் கதைக்குத் தேயிலைக் காலப் படத்தைப் போர்த்தும்போது இம்மாற்றம் முழுவதும் மறைந்துபோகின்றது. கூடை சுமந்த பெண் காலமில்லாதவளாகிறாள். அவள் அன்றும் அங்கே நின்றாள், இன்றும் நிற்கிறாள், என்றும் நிற்பாள் என்ற எண்ணம் பார்ப்போர் மனத்திற் படிகின்றது. இது தேயிலை வணிகரின் விளம்பரம் நெடுங்காலம் உலகுக்குக் கூறிவந்த செய்தியேயாகும். அம்மக்களின் துயரைக் கூற முனைந்த படம், அறியாமலே அவர்களை விற்றவரின் மொழியைப் பேசிவிடுகின்றது.

1840களில் அப்பாதையிலும் தோட்டங்களிலும் எழுபதினாயிரம் பேர் மாண்டனர் என்றதொரு தொகை அக்காலப் பத்திரிகையிலேயே வெளிவந்தது. அத்தொகையின் சரிபிழை பற்றி ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. தொகை எதுவாயினும், அவ்விறந்தோரில் எவரது முகத்தையும் நாம் கண்டதில்லை. முகமில்லாத அவ்விடத்தை வேறொருவர் முகத்தால் நிரப்புவது இறந்தோருக்கும் நியாயமன்று. இரவல் பெறப்பட்ட முகத்திற்குரியவருக்கும் நியாயமன்று.

சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதையைக் கற்றோர் இதனை எளிதில் உணர்வர். அரசியின் சிலம்பும் கண்ணகியின் சிலம்பும் தோற்றத்தில் ஒன்றேயாம். அத்தோற்ற ஒப்புமையைக் கொண்டே பொற்கொல்லன் பொய்யை மெய்யாக்கினான். மன்னனும் ஆராயாது நம்பினான். வழக்கை முடித்தது உள்ளிருந்த பரல். பழஞ்சுருளின் கறுப்பு வெள்ளையும் கீறலும் நடுக்கமும் அதன் தோற்றமே. எப்போது, எங்கே, யாரால், யாருடைய பணத்தில், யாரை எடுத்தது என்பனவே அதன் பரல்கள். அவற்றை உடைத்துப் பாராது சுருளைச் சான்றாக ஏற்பவர் பாண்டியன் செய்த பிழையையே செய்கின்றனர்.

3

அவ்வாறாயின் நமக்குக் கிடைக்கும் சுருள்களின் பரல்கள் யாவை? இலங்கையைப் பற்றிய பழைய விவரணப் படங்களுள் உலகப் புகழ்பெற்றது பசில் ரைட் இயக்கிய 'சோங் ஒஃப் சிலோன்' ஆகும். 1934இல் எடுக்கப்பட்ட இப்படம் 1935இல் பிரசெல்ஸ் திரைப்பட விழாவிற் பரிசு பெற்றது. தயாரித்தவர் பிரித்தானிய விவரணத் திரைப்பட இயக்கத்தின் முதல்வரான ஜோன் கிரியர்சன். பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசாரச் சபை. ஏறத்தாழ நாற்பது நிமிடம் ஓடும் இப்படம் நான்கு பகுதிகளையுடையது. புத்த சமய வழிபாட்டில் தொடங்கி, கிராம வாழ்வைக் காட்டி, வணிகத்தின் குரல்களைக் கேட்பித்து, மீண்டும் வழிபாட்டிலும் நடனத்திலும் முடிகின்றது.

இப்படத்தின் கலைச்சிறப்பை மறுப்பது என் நோக்கமன்று. மூன்றாம் பகுதியிலே, தேங்காய் பறிப்போரும் கொழுந்து கொய்வோரும் திரையில் உழைக்க, ஒலியிலே சந்தை விலைகளும் கப்பற் செய்திகளும் வணிகக் கடிதங்களும் அடுக்கடுக்காக ஒலிக்கின்றன. உழைப்பவர் ஓரிடத்தில், அவ்வுழைப்பின் விலையைப் பேசுபவர் வேறிடத்தில் என்ற முரண் அங்கு கூர்மையாக வெளிப்படுகின்றது. தேயிலைச் சபையின் பணத்தில் எடுக்கப்பட்ட படத்தினுள்ளேயே இத்தகைய ஓர் ஐயத்தை நுழைத்தமை ரைட்டின் திறமையாகும்.

ஆயினும் அப்படத்தின் ஒலி முழுவதும் பின்னர் இலண்டனிலே அமைக்கப்பட்டது. விளக்கவுரையை வாசித்தவர் கொழும்பைச் சேர்ந்த கலைஞர் லயனல் வென்ட். வாசிக்கப்பட்டவையோ றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் பகுதிகள். நொக்ஸ் கண்டி இராச்சியத்திற் பத்தொன்பது ஆண்டுகள் தடுத்து வைக்கப்பட்டிருந்தவர். அவர் தமது நூலை வெளியிட்டு ஏறத்தாழ நூற்று நாற்பது ஆண்டுகள் கழிந்த பின்னரே மலையகத் தமிழரின் வருகை தொடங்கிற்று. எனவே அவர் எழுத்து இவர்களைப் பற்றிப் பேசவே இயலாது. இலங்கையின் பாடல் எனப் பெயர்பெற்ற படத்திலே, இலங்கையின் செல்வத்தை ஆக்கியோர் தோன்றுகின்றனர். அவர்களைப் பற்றிச் சொல்லத்தக்க ஒரு சொல்லேனும் இல்லாத நூல் அவர்களுக்கு விளக்கவுரையாகின்றது.

இதில் வரலாற்றின் விந்தையொன்றும் உண்டு. நொக்ஸ் 1679இல் கண்டி இராச்சியத்திலிருந்து தப்பி, வன்னிக் காட்டினூடாக நடந்து, சென்றடைந்த இடம் அரிப்பிலிருந்த ஒல்லாந்தர் கோட்டை. அப்பகுதிக் கரையிலிருந்தே பின்னாளில் நம் முன்னோர் எதிர்த்திசையில் மலைநாட்டை நோக்கி நடந்தனர். வெளியேறி நடந்த ஒருவரின் சொற்கள் நூலாகி, இருநூற்றைம்பது ஆண்டுகளின் பின் திரைப்படமும் ஆயின. உள்நோக்கி நடந்த பல்லாயிரவர் தம் கையால் எழுதிவைத்த சொல் நமக்குக் கிட்டவில்லை. அவர்கள் விட்டுச்சென்றவை பாடல்கள். சி. வி. வேலுப்பிள்ளை போன்றோர் அரும்பாடுபட்டுத் தொகுத்த அந்நாட்டுப் பாடல்களே அந்நடையின் ஒரே உட்குரல் எனல் பொருந்தும்.

4

ஆளுவோர் எடுத்த படம் ஆளுவோருக்கே சான்று பகரும், ஆகவே அதனை ஒதுக்கிவிடவேண்டும் என்று சிலர் வாதிடலாம். இவ்வாதம் ஏற்கத்தக்கதன்று. திரைப்பட வரலாறே அதற்கு மறுமொழி தந்துள்ளது.

ருஷ்யப் படத்தொகுப்பாளரான எஸ்ஃபிர் ஷூப் அம்மையார் 1927இல் 'ரொமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்னும் படத்தை ஆக்கினார். ஏறத்தாழ 60,000 மீற்றர் பழஞ்சுருள்களைப் பார்த்து, தெரிந்து, தொகுத்து அமைத்த படம் அது. அச்சுருள்களுள் சார் மன்னரின் சொந்தக் கமராக்காரர் அரச குடும்பத்தின் மகிழ்வுக்காக எடுத்தவையும் இருந்தன. கப்பற் தளத்திலே சீமாட்டிகளும் கனவான்களும் நடனமாடி வியர்வையைத் துடைக்கின்றனர். ஷூப் அதனையடுத்து மண்வெட்டும் உழைப்பாளரின் வியர்வையை வைத்தார். மன்னர் தமது பெருமைக்கென எடுப்பித்த படம் மன்னருக்கெதிராகச் சாட்சி கூறிற்று. அவர் அந்தச் சுருள்களைத் திரிக்கவில்லை, பொய்யுரைக்கவும் இல்லை. எது எதனையடுத்து நிற்கவேண்டும் என்பதை மாத்திரம் மாற்றினார். பழஞ்சுருளின் பொருள் அதனுள் மாத்திரம் அடங்கியதன்று, அது வைக்கப்படும் இடத்திலும் பிறக்கின்றது என்பதை உலகுக்கு முதலில் உணர்த்தியோருள் அவர் தலையாயவர்.

தமிழருக்கும் இத்துறையில் ஒரு முன்னோடி உண்டு என்பதை நம்மவர் பலர் மறந்துவிட்டனர். கோட்டையூரிற் பிறந்த ஏ. கே. செட்டியார் (1911-1983) காந்தியடிகளின் வாழ்வைப் பழஞ்சுருள்களைக் கொண்டே படமாக்க எண்ணினார். அவ்வெண்ணம் 1937 ஒக்ரோபர் 2ஆந் திகதி அத்திலாந்திக் கடலிற் கப்பற் பயணத்தின்போது உதித்ததாக அவரே எழுதியுள்ளார். முப்பதாண்டுக் காலத்தில் நூறு வரையிலான ஒளிப்பதிவாளர் உலகின் பல பாகங்களில் எடுத்த ஏறத்தாழ 50,000 அடிச் சுருள்களைத் தேடிச் சேர்த்தார். அவற்றிலிருந்து 12,000 அடியைத் தெரிந்து அமைத்த படம் 1940 ஒகஸ்ட் 23ஆந் திகதி சென்னையிலே தமிழ் விளக்கவுரையுடன் வெளிவந்தது. போர்க்காலப் பிரித்தானிய ஆட்சியின் நிழலிற் செய்யப்பட்ட இம்முயற்சி, ஒரு தனிமனிதரின் சாதனையாகும்.

செட்டியாரின் பணியில் நமக்குப் பாடமாவன இரண்டு. தாம் சென்ற நாடுகளையும் சந்தித்தோரையும் சுருள்கள் கிடைத்த வரலாற்றையும் அவர் விரிவாக எழுதிவைத்தார் என்பது முதலாவது. படத்திற்கு அவ்வெழுத்தே அடிக்குறிப்பு. தமிழ் மூலப்படம் பின்னர் காணாமற்போன நிலையிலும், ஆங்கில வடிவமொன்றை ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றிலே தேடிக் கண்டறிந்தபோது, அது யாது என்பதை விளக்க அவ்வெழுத்து உயிரோடிருந்தது. இரண்டாவது, அவர் தேடலே வெளிப்படுத்தும் ஒரு வேற்றுமை. காந்தியடிகள் சென்ற இடமெல்லாம் கமரா அவருக்காகக் காத்திருந்தது. மலைநாட்டுத் தோட்டங்களிலும் கமரா காத்திருந்தது. ஆனால் அது கொழுந்துக்காகக் காத்திருந்தது. கொழுந்தைக் காட்டக் கை வேண்டியிருந்தமையால் கையையும், கையோடு முகத்தையும் அது எடுத்தது. நம் மக்களின் முகங்கள் பழஞ்சுருள்களில் எஞ்சியிருப்பது இவ்வாறு தற்செயலாகவே. அத்தற்செயலை வரலாறாக்குவதே இன்றைய படைப்பாளியின் முன்னுள்ள பணி.

5

அப்பணி எத்துணை நுட்பமானது என்பதற்கு ஐரோப்பிய உதாரணம் ஒன்று துணைபுரியும். நெதர்லாந்தின் வெஸ்ரபோர்க் முகாமிலிருந்து 1944 மே 19ஆந் திகதி கைதிகள் புகையிரதத்தில் ஏற்றப்பட்டனர். முகாம் அதிபரின் கட்டளைப்படி அதனைப் படம் பிடித்தவர் ருடோல்ஃப் பிரெஸ்லாவர் என்னும் கைதியே. அச்சுருளிலே, மூடப்படவிருக்கும் பெட்டியின் கதவிடையே தலையிற் துணி கட்டிய சிறுமியொருத்தி சில விநாடிகள் வெளியே பார்க்கிறாள். அலன் ரெனே 1955இல் ஆக்கிய 'இரவும் மூடுபனியும்' உட்படப் பல படங்களில் அம்முகம் இடம்பெற்றது. யூத இனத்தின் அழிவுக்கு அது குறியீடாயிற்று. ஐம்பதாண்டுகள் வரை அவள் பெயரை எவரும் அறிந்திலர். 1994இலேயே நெதர்லாந்துப் பத்திரிகையாளர் ஆத் வாகனார் பெட்டியின் இலக்கத்தையும் பயணியர் விபரங்களையும் பின்தொடர்ந்து உண்மையைக் கண்டார். அவள் செற்றெலா ஸ்ரைன்பாக். சிந்தி எனப்படும் நாடோடி இனத்தைச் சேர்ந்தவள். அவுஷ்விற்சில் மடிந்தபோது வயது ஒன்பது.

ஒருவரின் முகத்தை வேறோர் இனத்தின் குறியீடாக ஐம்பதாண்டுகள் காட்டியோர் தீயோரல்லர். அவர்கள் பயன்படுத்தியதும் நன்னோக்கத்துடனேயே. ஆனால் முகம் குறியீடாகியதும் பெயரைத் தேடவேண்டிய தேவை மறைந்துவிட்டது. இதுவே பழஞ்சுருளில் உறைந்துள்ள பேராபத்து.

இதனை நான் நூல்வழி அறியுமுன்னரே எங்கள் வீட்டில் அறிந்துகொண்டேன். எல்கடுவைப் பக்கத்துத் தோட்டமொன்றிற் பதினான்கு வயதிற் பேர் பதிந்து நாற்பதாண்டுகள் கொழுந்தெடுத்த என் அம்மாயிக்கு, கையடக்கத் தொலைபேசியிற் பழைய தேயிலை விளம்பரத் துண்டுப்படம் ஒன்றைக் காட்டினேன். அவர் கண்கலங்குவார் என எதிர்பார்த்தேன். அவரோ படத்தை உற்றுப் பார்த்துவிட்டு, "இடுப்புல படங்கு எங்க? படங்கு கட்டாம கொழுந்து மலைக்குள்ள போனா சேலை கிழிஞ்சிரும். படம் புடிக்க வாராங்கன்னு நல்ல சேலை கட்டிட்டு வரச் சொல்லியிருப்பாங்க" என்றார். மீண்டும் ஒருமுறை போடச் சொன்னார். முன்வரிசையில் நின்ற பெண்ணின் விரல்களைப் பார்த்து, "இவ நல்ல கைகாரி. பின்னால நிக்கிறவ புதுசு" என்றார். இறுதியாக, "இதுகளோட பேரு போடலியா?" எனக் கேட்டார்.

திரைப்படத் திறனாய்வு நூல்கள் பலவற்றில் நான் காணாத மூன்று செய்திகளை என் அம்மாயி இரு நிமிடத்தில் உணர்த்தினார். அப்படம் நடந்ததன் பதிவன்று, நடத்தப்பட்டதன் பதிவு என்பது ஒன்று. அதனை எடுத்தவர் அறியாத திறனும் திறனின்மையும், அனுபவமும் பழக்கமின்மையும் அதனுள் இருக்கின்றன, அவற்றை வாசிக்கத்தக்க கண் மலைநாட்டிலேயே இருக்கின்றது என்பது இரண்டு. மூன்றாவது, அப்பெண்களுக்குப் பெயர் உண்டு என்பது. தோட்டத்துச் செக்ரோலில் நாள்தோறும் அவர்கள் பெயர் எழுதப்பட்டது. கூலி வழங்கவும் கூலி வெட்டவும் தேவைப்பட்ட பெயர், படம் எடுத்தவருக்குத் தேவைப்படவில்லை. சுருளையும் செக்ரோலையும் அருகருகே வைக்கத் துணியும் படைப்பாளி ஒருவர் தோன்றின், ஷூப் செய்த பணிக்கு நிகரான பணி மலையகத்திலும் நிகழும்.

6

பழஞ்சுருள் பற்றிப் பேசுவோர் அதன் அழிவையும் பேசியாகவேண்டும். சுதந்திர ஆண்டாகிய 1948இல் அரசாங்கத் திரைப்படப் பிரிவு தோற்றுவிக்கப்பட்டது. அதே ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரிற் பெரும்பாலாரை நாடற்றோராக்கிற்று. நாடு தன்னைத் தானே படம்பிடிக்கத் தொடங்கிய ஆண்டே, நம்மவர் அந்நாட்டின் சட்டகத்திற்கு வெளியே நிறுத்தப்பட்ட ஆண்டாகவும் அமைந்தது. 1964 ஒக்ரோபரில் இரு பிரதமர்கள் கைச்சாத்திட்ட உடன்படிக்கை 525,000 பேரை இந்தியாவிற்கும் 300,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. அதன்படி மலைநாட்டிலிருந்து தலைமன்னாருக்குச் சென்ற புகையிரதத்தை மக்கள் 'அழுகைக் கோச்சி' என்றனர். அந்நிலையங்களில் நிகழ்ந்த பிரிவுகள் பெரும்பாலும் வாய்மொழி நினைவாகவே வாழ்கின்றன.

எடுக்கப்பட்டவற்றிற்கும் பாதுகாப்பு இருக்கவில்லை. 1983 ஜூலைக் கலவரத்தில் ஹெந்தளையிலிருந்த விஜயா படப்பிடிப்பு நிலையம் எரிக்கப்பட்டபோது சிங்களப் படங்கள், தமிழ்ப் படங்கள் பலவற்றின் மூலச்சுருள்கள் சாம்பலாயின. மாத்தளை நகரிலும் தமிழர் கடைகள் எரிந்தன. கடைகளின் மேல்மாடிகளில் வாழ்ந்தோரின் குடும்பப் படங்களும் உடன் எரிந்தன. இவ்விழப்பு கதைப்படங்களையும் புதிய கண்கொண்டு நோக்க நம்மைத் தூண்டவேண்டும். 1963இன் 'தோட்டக்காரி', 1975இன் 'புதிய காற்று', மாத்தளை கார்த்திகேசுவின் முயற்சியில் 1980இல் உருவான 'அவள் ஒரு ஜீவநதி' ஆகியவற்றைக் கலைப்பெறுமதி கொண்டு மாத்திரம் எடைபோடுவது போதாது. கதைமாந்தருக்குப் பின்னால் நிற்கும் வீதியும் வீடும் உடையும் பேச்சும் இன்று ஆவணங்களே.

மறுபுறத்தில், அந்நியர் எடுத்தவை பத்திரமாக உள்ளன. பிரித்தானியச் செய்திப்பட நிறுவனமான பாத்தே 2014 ஏப்பிரலில் ஏறத்தாழ 85,000 துண்டுப்படங்களை யூடியூபில் வெளியிட்டது. எவரும் எங்கிருந்தும் அத்தகைய சுருள்களைப் பார்க்கலாம் என்ற நிலை வந்துவிட்டது. கிடைக்காமையே முன்பு சிக்கலாயிருந்தது. இன்று எளிதிற் கிடைப்பதே சிக்கலாகியுள்ளது. எளிதிற் கிடைப்பது ஆராயாது பயன்படுத்தப்படுகின்றது.

ஆகவே விவரணப் படைப்பாளியிடம் விமர்சகர் கேட்கவேண்டியவை எவை? முதலாவது, சுருளின் ஆண்டும் இடமும் எடுத்தவரும் எடுப்பித்தவரும் திரையிலேயே கூறப்பட்டுள்ளனவா? இரண்டாவது, ஒரு காலத்தின் படம் வேறொரு காலத்தின் கதைக்குப் போர்வையாக்கப்பட்டுள்ளதா? மூன்றாவது, தோன்றும் முகங்களின் பெயரைத் தேடும் முயற்சியேனும் செய்யப்பட்டதா. அம்முகங்களை அறியக்கூடியோரிடம் படம் காட்டப்பட்டதா? நான்காவது, படமே இல்லாத இடத்தில் அவ்வின்மையை ஒப்புக்கொள்ளும் துணிவு இருக்கின்றதா?

நான்காவது வினாவே மாத்தளைப் பாதையைப் பொறுத்தவரை முதன்மையானது. அந்நடையைப் படமாக்குபவர் கொழுந்து கொய்யும் காட்சியை இரவல் வாங்கவேண்டியதில்லை. நாலந்தாவிலிருந்து மாத்தளை வரையுள்ள இன்றைய பாதையை, வாகனங்கள் விரையும் அப்பாதையை, அப்படியே காட்டலாம். முத்துமாரியம்மன் கோயில் வாசலிற் கமராவை நிறுத்தி, இங்கு வந்து சேராதோரின் படம் எதுவுமில்லை என்று கூறலாம். வேலுப்பிள்ளை தொகுத்த பாடலொன்றை முதிய குரலிற் பாடவைத்து, திரையை வெறுமையாக விடலாம். வெறுமையான திரையும் ஒரு சான்றே. அங்கே எவரும் கமராவுடன் நிற்கவில்லை என்பதை அது கூறும். அது பொய் கூறாது.

2023இல் நடந்தோரைப் பல நூறு கைத்தொலைபேசிகள் படம் பிடித்தன. முதன்முறையாக அப்பாதையில் நடந்தோரின் முகமும் குரலும் அவர்களுடைய கையாலேயே பதிவாயின. ஐம்பதாண்டுகளின் பின் அவை பழஞ்சுருள்களாகும். இன்று அவற்றில் யார் யார் இருக்கின்றனர் என்பது நடந்தோருக்கெல்லாம் தெரியும். எவரும் எழுதிவைக்காவிடின் அன்று எவருக்கும் தெரியாது. நமது சங்கம் போன்ற அமைப்புகள் விழா எடுப்பதோடு நின்றுவிடாது, அப்பதிவுகளைத் திரட்டி, திகதியும் இடமும் பெயரும் குறித்துச் சேமிப்பார்களாயின், அது எந்தக் கட்டுரையினும் மேலான விமர்சனப் பணியாகும். என் அம்மாயி கேட்ட கேள்வியை அவரின் பேரப்பிள்ளைகளைப் பார்த்து இன்னொரு தலைமுறை கேட்க நேரக்கூடாது.